திறக்க மறுத்த சிறு கதவு

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு நள்ளிரவு. விடியற்காலை முகூர்த்தத்துக்காகச் சென்னையிலிருந்து விழுப்புரத்துக்குக் காரில் போய்க்கொண்டிருந்தோம். செங்கல்பட்டைத் தாண்டியதும் பெட்ரோல் குறைவு என்று காட்டும் மஞ்சள் விளக்கு எரியத் தொடங்கியது. மதுராந்தகத்துக்கு அப்பால் ஒரு பெட்ரோல் பங்க் தென்பட, உள்ளே திருப்பினேன். இருக்கைக்கு அருகில் தரையோரமாக இருக்கும் சிறு நெம்புகோலை இழுத்தேன். பின்புறம் கேட்க வேண்டிய "டக்" என்ற ஓசை கேட்கவில்லை. மறுபடி இழுத்தேன். பெட்ரோல் டாங்கின் சிறு கதவு அசையவே இல்லை.

பங்கில் இருந்த இளைஞர் ஒருவர் ஸ்க்ரூடிரைவரோடு ஓடி வந்தார். "ஒரே நெம்பு, வந்துடும் சார்" என்றார். நானும் சரி என்று சொல்லியிருப்பேன். அதற்குள் அங்கிருந்த வயதான ஊழியர் கையை உயர்த்தித் தடுத்தார். "வண்டியை முதல்ல பம்பை விட்டுத் தள்ளி ஓரமா நிறுத்துங்க. அப்புறம் ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க சார். லீவரை இழுக்கறப்ப கையில எப்படி இருக்கு? இறுக்கமா இருக்கா, லொடலொடன்னு வருதா?"

மாணவர்களே, அந்தக் கேள்வியில் அடங்கியுள்ள விஞ்ஞானத்தைத்தான் இக்கட்டுரையில் பார்க்கப் போகிறோம். காரைப் பிரித்துப் பார்க்காமலேயே, உள்ளே எங்கே பழுது என்பதைக் கையின் உணர்வைக் கொண்டே கண்டுபிடித்துவிடலாம். அதற்கு அந்தக் கதவு எப்படித் திறக்கிறது என்பது தெரிந்திருக்க வேண்டும்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்வோம். வெளியில் தெரியும் தகடு கதவு மட்டுமே. அதைத் திறந்தால் உள்ளே திருகு மூடி ஒன்று இருக்கும். பெட்ரோலையும் அதன் ஆவியையும் அடைத்து வைப்பது அந்த மூடியின் வேலை. மூடியின் மேல் தூசியும் மழைநீரும் படாமல் காப்பதும், கண்டவர் கை படாமல் தடுப்பதும் கதவின் வேலை.

ஆவியை ஏன் அடைத்து வைக்க வேண்டும்? பெட்ரோல் சுமார் −40 டிகிரி செல்சியஸ் குளிரில்கூடத் தீப்பற்றக் கூடிய அளவு ஆவியை வெளிவிடும் திரவம். நம் ஊர் வெயிலில் கேட்கவே வேண்டாம். இந்த ஆவி காற்றைப் போல மூன்று, நான்கு மடங்கு கனமானது. எனவே மேலே எழுந்து கலைந்து போகாமல் தரையோடு தரையாகத் தவழ்ந்து பள்ளங்களில் தங்கும். காற்றில் நூற்றுக்கு ஒன்றரைப் பங்கு ஆவி கலந்தாலே போதும், ஒரு சிறு பொறியில் பற்றிக்கொள்ளும். பெரியவர் காரைப் பம்பை விட்டு நகர்த்தச் சொன்னதும், இரும்பு ஸ்க்ரூடிரைவரால் தகட்டை உரசி நெம்ப விடாததும் இதனால்தான். அன்று எங்களில் ஒருவர் உள்ளே பார்ப்பதற்காக லைட்டரை எடுத்தபோது அவர் போட்ட அதட்டல் இன்னும் என் காதில் ஒலிக்கிறது!

இப்போது இயங்கும் முறைக்கு வருவோம். நம் நாட்டில் ஓடும் பல கார்களில் இந்தக் கதவு ஒரு கம்பியால் திறக்கப்படுகிறது. ஓட்டுநரின் இருக்கையருகே ஒரு நெம்புகோல். அதிலிருந்து ஒரு கம்பி தரைவிரிப்புக்கு அடியில் ஓடி, பின்னிருக்கையைச் சுற்றி, டிக்கியின் பக்கச் சுவருக்குள் நுழைந்து, கதவுக்குப் பின்னால் முடிகிறது. அங்கே ஒரு சிறு தாழ்ப்பாள். உங்கள் சுண்டுவிரல் பருமன்கூட இல்லாத ஒரு முளைதான் அது. கதவின் உட்புறத்தில் துளையுள்ள ஒரு நாக்கு இருக்கிறது. முளை அந்தத் துளைக்குள் நுழைந்திருக்கும்வரை கதவு பூட்டியிருக்கும். ஒரு சுருள்வில் முளையை எப்போதும் பூட்டும் திசையிலேயே தள்ளிக்கொண்டிருக்கிறது. நெம்புகோலை இழுத்தால் கம்பி முளையைப் பின்னுக்கு இழுக்கும். கதவுக்குப் பின்னால் உள்ள இன்னொரு வில், பெரும்பாலும் ஒரு வளைந்த எஃகுப் பட்டை, கதவை விரலளவுக்கு வெளியே தள்ளிவிடும். மீதியை நாம் விரலால் திறக்கிறோம்.

ஆக, இரண்டு விற்கள், ஒரு கம்பி, ஒரு நெம்புகோல், ஒரு கீல். இவ்வளவுதான்.

கீல் எந்தப் பக்கம் இருக்கிறது என்பதை ஒரு காரில் கவனித்துப் பாருங்கள். பெரும்பாலும் முன்பக்கமாகவே இருக்கும். ஓடும்போது கதவு தவறித் திறந்துகொண்டாலும் எதிர்க்காற்று அதை மூடிவிடும். பின்பக்கம் கீல் வைத்திருந்தால் காற்று அதை விரியத் திறந்து பிய்த்தெறியும்.

இந்த அமைப்பில் மிகவும் சாமர்த்தியமான உறுப்பு எதுவென்று கேட்டால், கம்பி என்பேன். ஒரு கயிற்றைக் கட்டி இழுத்தால் அது நேர்கோட்டில்தான் இழுக்கும். காரிலோ கம்பி பல இடங்களில் வளைந்து நெளிந்து போக வேண்டும். அதற்கு வழி என்ன? உங்கள் சைக்கிளிலேயே விடை இருக்கிறது. பிரேக் கம்பி கறுப்பு உறை ஒன்றினுள் ஓடுகிறது அல்லவா? உறையின் இரு முனைகளும் அசையாதபடி பொருத்தப்பட்டுள்ளன. கம்பியை இழுத்தால் அது குறுக்கு வழியில் நேராக ஓடப் பார்க்கும், உறை விடாது. எத்தனை வளைவு இருந்தாலும் உறையின் நீளம் மாறுவதில்லை. எனவே இந்த முனையில் ஒரு சென்டிமீட்டர் இழுத்தால் அந்த முனையிலும் ஏறக்குறைய ஒரு சென்டிமீட்டர் நகர்கிறது. சைக்கிளின் ஹேண்டில்பாரை முழுதும் திருப்பினாலும் பிரேக் தானாகப் பிடித்துக்கொள்வதில்லையே, அதன் காரணமும் இதுவே. எர்னஸ்ட் பௌடன் என்பவர் 1896-ஆம் ஆண்டு பிரிட்டனில் இதற்குக் காப்புரிமை பெற்றார். இன்றும் இதற்கு பௌடன் கம்பி என்றே பெயர்.

குளிர்பானம் உறிஞ்சும் வளையும் குழாய் ஒன்றும் கொஞ்சம் தையல் நூலும் இருந்தால் நீங்களே செய்து பார்க்கலாம். நூலைக் குழாய்க்குள் கோத்து ஒரு முனையில் ஓர் அழிப்பானைக் கட்டித் தொங்க விடுங்கள். குழாயின் இரு முனைகளையும் நண்பரைப் பிடித்துக்கொள்ளச் சொல்லி மறு முனையை இழுங்கள். அழிப்பான் மேலே வரும். குழாயை மேலும் வளைத்துவிட்டு மறுபடி இழுத்துப் பாருங்கள். வளைவு கூடக்கூட இழுப்பது கடினமாவதை விரல் உணரும்.

இது ஏன்? வளைவில் கம்பி உறையின் உட்சுவரை அழுத்துகிறது. அழுத்தும் இடத்தில் உராய்வு தோன்றுகிறது. படகோட்டி கரையிலுள்ள கட்டையில் கயிற்றை இரண்டு சுற்றுச் சுற்றிவிட்டுப் பெரிய படகையே ஒரு கையால் பிடித்து நிறுத்துவதைப் பார்த்திருப்பீர்கள். அங்கே நமக்கு உதவும் அதே உராய்வு இங்கே எதிராக நிற்கிறது. 18-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த கணித மேதை ஆய்லரின் பெயரால் வழங்கும் ஒரு சூத்திரம் இந்த உராய்வைக் கணக்கிட உதவுகிறது. அதன் வழிமுறையை மேல் வகுப்பில் படிப்பீர்கள். விடையை மட்டும் இங்கே தருகிறேன். கம்பி செல்லும் வழியிலுள்ள வளைவுகளையெல்லாம் கூட்டினால் 180 டிகிரி வருவதாகவும், முளையை நகர்த்த அரை கிலோ இழுப்பு தேவை என்றும் வைத்துக்கொள்வோம். எண்ணெய் இட்ட சுத்தமான கம்பியில் உராய்வுக் கெழு 0.15 என்றால் இந்தப் பக்கம் 0.8 கிலோ இழுத்தால் போதும். துருவேறிக் கெழு 0.5 ஆகிவிட்டால் 2.4 கிலோ இழுக்க வேண்டும்! முளையும் மாறவில்லை, வில்லும் மாறவில்லை. இடையிலுள்ள துரு மட்டுமே மூன்று மடங்கு கேட்கிறது.

"அதனால் என்ன, பலமாக இழுத்தால் போயிற்று" என்று தோன்றலாம். இங்கேதான் நெம்புகோல் நம்மை ஏமாற்றுகிறது. அதன் நீண்ட கை 10 சென்டிமீட்டர், குட்டைக் கை 2 சென்டிமீட்டர் என்றால் நாம் இழுப்பதைப் போல ஐந்து மடங்கு விசை கம்பியில் விழும். கோபத்தில் 10 கிலோ அளவுக்கு இழுத்துவிடுவது யாருக்கும் எளிது. கம்பிக்கோ அது 50 கிலோ. அந்த மெல்லிய கம்பி அறுந்துபோகும், அல்லது அதன் முனையிலுள்ள குமிழ் பிய்ந்து வரும். அதுவும் இல்லையென்றால் நெம்புகோலே கையோடு வந்துவிடும். இப்போதெல்லாம் பல கார்களில் அது பிளாஸ்டிக்.

இனிப் பெரியவரின் கேள்விக்கு வருவோம். இழுக்கும்போது கையில் எப்படி இருக்கிறது?

நெம்புகோல் இறுகிப்போய் நகரவே மறுத்தால், கம்பி அறுபடவில்லை என்று முதலில் மகிழலாம். எங்கோ ஓரிடத்தில் உராய்வு மிகுந்துவிட்டது. உறைக்குள் துரு இருக்கலாம். ஆனால் பெரும்பாலும் குற்றவாளி முளைதான். அதற்குச் செய்ய வேண்டியது என்ன என்பது உங்கள் வீட்டிலேயே தெரிந்த விஷயம். மழைக்காலத்தில் உப்பிப்போன கதவின் தாழ்ப்பாள் வர மறுத்தால் பாட்டி என்ன செய்கிறார்? தாழ்ப்பாளோடு மல்லுக்கு நிற்பதில்லை. ஒரு கையால் கதவை அழுத்திக்கொண்டு மறு கையால் தாழ்ப்பாளை இழுக்கிறார். அது வழுக்கிக்கொண்டு வருகிறது. கதவு ஒரு பக்கமாகத் தாழ்ப்பாளை நெருக்கிக்கொண்டிருந்தது. அந்த நெருக்கலைப் பாட்டி நீக்கிவிட்டார். உராய்வு என்பது இரு பரப்புகளும் ஒன்றையொன்று அழுத்தும் விசையைப் பொறுத்தது அல்லவா? பெட்ரோல் கதவிலும் அதே கதைதான். எஃகுப் பட்டை கதவை வெளியே தள்ள, கதவின் நாக்கு முளையைப் பக்கவாட்டில் நெருக்குகிறது. ஒருவர் உள்ளங்கையால் கதவை மெதுவாக உள்நோக்கி அழுத்த, இன்னொருவர் அதே நேரத்தில் நெம்புகோலை இழுக்க வேண்டும். அழுத்திய கையை உடனே விட்டால் கதவு துள்ளித் திறக்கும். பத்துக்கு ஏழெட்டு முறை காரியம் இதோடு முடிந்துவிடும் என்பது என் அனுபவம்.

இரண்டாவது வகை இதைவிடச் சுவையானது. நெம்புகோல் வழக்கம்போல இழுபடுகிறது. பின்புறம் "டக்" என்ற ஓசையும் கேட்கிறது. கதவு மட்டும் வெளிவரவில்லை. கம்பியும் முளையும் தங்கள் வேலையைச் செய்துவிட்டன என்று ஓசையே சாட்சி சொல்கிறது. பழுது கதவில்தான் இருக்கிறது. கீல் துருப்பிடித்திருக்கலாம், எஃகுப் பட்டை தளர்ந்திருக்கலாம், விளிம்பில் சேறு காய்ந்து ஒட்டியிருக்கலாம். குளிர்நாடுகளில் உறைபனியே கதவை ஒட்டவைத்துவிடும். ஒருவர் நெம்புகோலை இழுத்துப் பிடித்துக்கொள்ள, மற்றவர் கதவின் விளிம்பை நகத்தால் அல்லது பழைய பிளாஸ்டிக் அட்டை ஒன்றால் மெல்ல இழுத்தால் போதும். இரும்புக் கருவி கூடாது. பொறி பறக்கும் அபாயம் ஒருபுறம் இருக்க, மெல்லிய தகடு வளைந்துவிட்டால் பிறகு கதவு ஒருநாளும் ஒழுங்காக மூடாது.

மூன்றாவது, நெம்புகோல் எவ்வித எதிர்ப்பும் இல்லாமல் லொடலொடவென்று வருவது. முளையின் சுருள்வில்லைப் பின்னுக்கு இழுக்கும்போது கையில் ஓர் எதிர்ப்பு தெரிய வேண்டும். அது தெரியவில்லை என்றால் கையும் வில்லும் இணைக்கப்படவில்லை என்று பொருள். கம்பி அறுந்துவிட்டது, அல்லது ஏதேனும் ஒரு முனை கொக்கியிலிருந்து கழன்றுவிட்டது. எத்தனை முறை இழுத்தாலும் பயன் இல்லை. கம்பியின் மறுமுனையைத் தேடிப் போக வேண்டியதுதான். பல கார்களில் டிக்கியைத் திறந்து, பெட்ரோல் கதவு இருக்கும் பக்கத்துச் சுவரின் விரிப்பை விலக்கினால் கம்பியின் கடைசி முனை கைக்கு எட்டும். அதை இரண்டு விரலால் இழுத்தாலே முளை பின்வாங்கும்.

புதிய கார்கள் பலவற்றில் கம்பியே கிடையாது. பொத்தானை அழுத்தினால் சிறு மின்மோட்டார் ஒன்று முளையை இழுக்கிறது. வேறு சிலவற்றில் கார்க் கதவுகளின் பூட்டைத் திறந்தாலே இதன் பூட்டும் திறந்துகொள்ளும்; பிறகு கதவை ஒருமுறை அழுத்திவிட்டால் அது தானே வெளிவரும். இங்கே கைக்குப் பதில் காது உதவும். பொத்தானை அழுத்தும்போது மோட்டாரின் ஓசை கேட்டால் மின்சாரம் வருகிறது, சிக்கல் முளையிலோ கதவிலோ இருக்கிறது. ஓசையே இல்லை என்றால் ஃபியூஸைப் பார்க்க வேண்டும். இத்தகைய கார்கள் பலவற்றில் டிக்கிக்குள் அவசரத்துக்கென்று ஓர் இழுப்புக் கயிறு வைத்திருப்பார்கள். அது எங்கே என்று காருடன் தரும் கையேட்டில் படம் இருக்கும். யாரும் படிப்பதில்லை, அவ்வளவுதான்!

துரு எப்படி வருகிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும். கதவைத் திறந்தால் மூடியைச் சுற்றிக் கிண்ணம் போன்ற ஒரு குழி தெரியும். அதன் அடியில் தண்ணீர் வடிய ஒரு சிறு துளை உண்டு. புழுதியும் இலைச் சருகும் அதை அடைத்துவிட்டால் மழைநீர் குழியிலேயே தேங்கும். கீலும் முளையும் ஈரத்திலேயே ஊறும். வீட்டில் கார் இருந்தால் பெரியவர்களைக் கேட்டுக்கொண்டு ஓர் ஈர்க்குச்சியால் அந்தத் துளையைக் குத்திச் சுத்தம் செய்யலாம். துணியால் கீலைத் துடைத்துவிட்டுத் தையல் மெஷின் எண்ணெய் ஒரு சொட்டு விடுங்கள். கிரீஸ் வேண்டாம். கதவோரத்தில் அது மண்ணைத்தான் சேர்த்து வைக்கும்.

உள்ளே இருக்கும் திருகு மூடியைப் பற்றியும் ஒரு வார்த்தை. அதைத் திறக்கும்போது சில சமயம் "உஸ்" என்று ஓசை வருகிறதே, ஏன்? எண்ணெய் டின்னில் ஒரே ஓட்டை போட்டால் எண்ணெய் சரியாக வராது. காற்று புக இன்னோர் ஓட்டை வேண்டும். அதுபோல எஞ்சின் பெட்ரோலை உறிஞ்ச உறிஞ்ச டாங்கிற்குள் காற்று வர வேண்டும். ஆனால் ஆவி வெளியே போகக் கூடாது! எனவே காற்றை உள்ளே மட்டும் விடும் வால்வு வைக்கிறார்கள். எழும் ஆவியைத் தனிக் குழாய் வழியே கரித்தூள் நிரம்பிய டப்பாவுக்குக் கொண்டுபோய்ப் பிடித்து வைத்து, பிறகு எஞ்சினிலேயே எரித்துவிடுகிறார்கள். இதற்கிடையில் டாங்கின் அழுத்தம் கொஞ்சம் கூடியோ குறைந்தோ இருந்தால் அந்த "உஸ்" கேட்கும். வெப்பத்தால் பெட்ரோலும் விரிவடையும். 40 லிட்டர் பெட்ரோல் 20 டிகிரி சூடேறினால் முக்கால் லிட்டர் அளவு பெருகும். அதற்கு இடம் வேண்டாமா? பம்பின் குழாய் தானாக நின்ற பிறகும் "இன்னும் கொஞ்சம் ஊற்றுங்கள்" என்று கேட்பவர்களுக்கு இது தெரிவதில்லை.

பெட்ரோல் ஊற்றும் வாய் எப்போதும் இதே இடத்தில் இருந்ததில்லை. 1908 முதல் 1927 வரை அமெரிக்காவில் தயாரான புகழ்பெற்ற ஃபோர்டு 'மாடல் டி' கார்கள் பெரும்பாலானவற்றில் டாங்க் முன்னிருக்கைக்கு அடியில் இருந்தது. பெட்ரோல் ஊற்ற ஓட்டுநர் எழுந்து இறங்கி மெத்தையைத் தூக்க வேண்டும். அளவு பார்க்க ஒரு குச்சியை உள்ளே விட்டு நனைந்த உயரத்தைப் பார்த்தார்கள்! 1956-ஆம் ஆண்டு ஷெவர்லே காரில் பின்விளக்கையே கதவுபோலத் திருப்பினால்தான் மூடி தெரியும். தெரியாதவர் காரைச் சுற்றிச் சுற்றி வர வேண்டியதுதான்.

எந்தப் பக்கம் என்ற குழப்பம் இன்றும் உண்டு. 1986-இல் ஃபோர்டு நிறுவனத்தில் பணியாற்றிய ஜிம் மொய்லன் என்பவர், கொட்டும் மழையில் பம்பின் தவறான பக்கத்தில் காரை நிறுத்திவிட்டு நனைந்தார். உடனே மேலதிகாரிகளுக்கு ஒரு குறிப்பு எழுதினார்: பெட்ரோல் அளவுமானியின் அருகே ஒரு சிறு அம்புக்குறி போட்டுக் கதவு இருக்கும் பக்கத்தைக் காட்டினால் என்ன? 1989-ஆம் ஆண்டு மாடல் கார்களில் அது இடம்பெற்றது. இன்று உலகெங்கும் பெரும்பாலான கார்களில் இருக்கிறது. அடுத்த முறை காரில் ஏறும்போது பாருங்கள்.

மதுராந்தகத்து இரவை நடுவில் விட்டுவிட்டோம். "லொடலொடன்னுதான் வருது" என்றேன் நான். "அப்ப கம்பி கழண்டிருக்கு. டிக்கியைத் திறங்க" என்றார் பெரியவர். ஒன்பதாம் வகுப்புப் படித்துக்கொண்டிருந்த என் தங்கை மகன் டார்ச் விளக்கோடு டிக்கிக்குள் புகுந்து பக்கத்து விரிப்பை விலக்கினான். "மாமா, சைக்கிள் பிரேக் கம்பி மாதிரி ஒண்ணு தெரியுது!" என்று குரல் வந்தது. பெரியவர் வெளியே கதவின் மேல் உள்ளங்கையை வைத்து லேசாக அழுத்தினார். "இப்ப இழு தம்பி" என்றார்.

"டக்!"

மூன்று மணிக்கு மண்டபம் போய்ச் சேர்ந்தோம். மறுவாரம் மெக்கானிக்கிடம் காட்டியபோது, கம்பி முனையின் குமிழ் நெம்புகோலின் பள்ளத்திலிருந்து நழுவியிருந்தது தெரிந்தது. குறடால் பள்ளத்தின் வாயைச் சற்று நெருக்கி, குமிழை உள்ளே அமர்த்திவிட்டார். ஐந்து நிமிட வேலை. கதவின் விளிம்பில் ஸ்க்ரூடிரைவரின் கீறல் ஒன்றுகூட இல்லை.